எதிர்முதுகு

முதுகுதான் முதலில் குளிர்ந்தது. எத்தனை வருஷமானாலும் அந்த முதல் குளிர்ச்சிக்கு உமணியின் உடம்பு பழகவில்லை. நோவேந்தி மரத்தின் இரண்டு பலகைவேர்களுக்கு நடுவே சின்ன அறைபோலக் கிடக்கும் பள்ளத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, மேல்துணியைப் பின்னால் தளர்த்திவிட்டு, மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டு பட்டையில் சாய்ந்ததும் அந்த ஈரம் தண்டுவடத்தைத் தேடிப்பிடித்து ஒட்டிக்கொண்டது. கன்றுக்குட்டி நக்குகிற மாதிரி என்று முதல் வருஷம் யாரிடமோ சொல்லியிருந்தாள், இப்போது எந்த மாதிரியும் இல்லை, ஈரம் ஈரம்தான். மரத்தின் அந்தப் பக்கத்தில், எட்டுப் பேர் கைகோத்தாலும் வளைத்துப் பிடிக்க முடியாத அடிமரத்துக்கு அப்பால், இதேபோல முதுகைக் கொடுத்துக்கொண்டு ஒருத்தி உட்கார்ந்திருக்கிறாள். இடுப்புவலி கண்டு விடிந்ததும் படகில் ஏற்றிக் கொண்டுவந்திருக்கிறார்கள். வலி அவளுடையது, படப்போகிறவள் உமணி. ஏழ்கழி நாட்டில் உப்பங்கழிக்கு மேலே இந்தச் சரிவில் மட்டும்தான் நோவேந்திகள் நிற்கின்றன, பதினொன்று. விதை எடுத்துப்போய் வேறு மண்ணில் போட்டவர்களுக்கெல்லாம் வெறும் மரம்தான் வளர்ந்தது. நோவேந்தி கிழக்குப் பக்கம் சாய்ந்தவரின் நோவை வாங்கி மேற்குப் பக்கம் சாய்ந்தவரிடம் கொடுத்துவிடும், வானத்தில் சூரியன் இருக்கிறவரை. நோயைத் தொடாது. முறிந்த எலும்பு முறிந்தபடி கிடக்கும், சாகிறவர் சாவார், நோவு மட்டும் இடம் மாறும். மேற்கே உட்காருகிறவர்களை ஊரில் எதிர்முதுகு என்பார்கள். உமணி பத்தொன்பது வருஷமாக எதிர்முதுகு. இரண்டு பக்கத்தாரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளக் கூடாது, அதற்காகத்தான் வேர்களுக்கு மேலே பாய்த்துணி கட்டித் தொங்கவிட்டிருக்கிறது. பார்த்துவிட்டால் பிறகு சந்தையில் எதிரெதிரே வரும்போது கண்ணை எங்கே வைத்துக்கொள்வது என்று இருவருக்குமே தெரியாமல் போகும். ஆனாலும் பேர் காதில் விழாமல் இருக்குமா. படகிலிருந்து இறங்கும்போதே புருஷன்காரன் "அலரி, பாத்து, கல்லு வழுக்கும் அலரி" என்று கத்திக்கொண்டே வந்தான், மருத்துவச்சி கொற்றி "பூழா, நடக்கிறது அவ, நீ வாயை மூடு" என்று அடக்கினாள். அப்புறம் கொற்றி துணியை விலக்கிக்கொண்டு இந்தப் பக்கம் எட்டிப் பார்த்தாள். "சாப்பிட்டியா?" "கஞ்சி குடிச்சேன் அக்கா." "தலைப்பிள்ளை. நேரமாகும். தண்ணி வச்சுக்க." அவ்வளவுதான் பேச்சு. கொற்றி என்றைக்குமே அவ்வளவுதான் பேசுவாள்.

முதல் வலி வந்தது, சின்னது, அடிவயிற்றில் யாரோ ஒரு கயிற்றை மெதுவாக முறுக்கி, சரிதானா என்று பார்த்துவிட்டு விட்டதுபோல. உமணி அதைப் போகவிட்டாள். புதிதாக வருகிறவர்கள் முதல் வலியிலேயே பல்லைக் கடிப்பார்கள், தோளை இறுக்குவார்கள், நாலாவது வலிக்குள் களைத்துப்போவார்கள். எதிர்த்து நிற்கிற உடம்பு சீக்கிரம் தோற்கும்; வாசல் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு வருகிறவனை வா என்றும் போகிறவனைப் போ என்றும் விட்டுவிட வேண்டும். வாங்கி வாங்கி அவளுக்கு ஒவ்வொன்றும் ஒரு ஆள் மாதிரி ஆகிவிட்டது. சிறுநீர்க்கல்லின் வலி வாய்ச்சண்டைக்காரன், ஓரிடத்தில் நிற்க மாட்டான். முறிந்த எலும்பு ஊமை, அசைத்தால் மட்டும் கத்துவான். பல்வலி, பல்வலியை நினைத்ததும் உமணிக்கு உதடு லேசாக நெளிந்தது, ஓரியை நினைத்துக்கொண்டாள். அவள் புருஷன் ஓரி உப்பளத்துக்காரன், கல் மாதிரி ஆள், கடைவாய்ப் பல் மூன்று நாள் வலித்து ஊரைக் கூட்டிவிட்டான். சோறு வேண்டாம், தூக்கம் வேண்டாம், சாகப்போகிறேன் என்று ஒரே முனகல். பல்லைப் பிடுங்குகிற அன்று அவளே மேற்கே உட்கார்ந்தாள், புருஷனுக்கு இதுகூடச் செய்யாமல் எப்படி என்று. அந்த வலி வந்து சேர்ந்தபோது இன்னும் வரப்போகிறது, இது முன்னால் வருகிற தூசிதான் என்று காத்துக்கொண்டே இருந்தாள். அவ்வளவுதான் வந்தது. நடுத்தரமான வலி. குழந்தைகள் இதைவிடப் பெரியதைப் பட்டுக்கொண்டு விளையாடப் போயிருக்கின்றன. அவள் ஒன்றும் சொல்லவில்லை, முகத்திலும் காட்டவில்லை, ஆனால் ஓரி எப்படியோ தெரிந்துகொண்டான். அன்றிலிருந்து அவளெதிரில் முள் குத்தினால்கூட ம் என்று சொல்வதில்லை, காலில் உப்பு வெடிப்பில் ரத்தம் கசிந்தாலும் மறைத்துக்கொண்டு நடப்பான். ஒருவருடைய வலி எவ்வளவு பெரியது என்று இன்னொருவருக்குத் தெரிந்துவிடுவது நல்லதில்லை. வீட்டுக்குள்ளே நல்லதே இல்லை. இரண்டாவது வந்தது, மூன்றாவது வந்தது, கழியில் கடலேற்றம் ஆரம்பித்திருக்க வேண்டும், கீழே படகுகள் ஒன்றோடொன்று இடிக்கிற சத்தம் கேட்டது, வெயில் மரத்துக்கு அந்தப் பக்கத்தில்தான் இருக்கிறது, இந்தப் பக்கம் வர மதியம் திரும்ப வேண்டும், அலரியின் குரல் மரத்தைச் சுற்றிக்கொண்டு மெலிசாக வந்தது, கூரையில் வடக்கு மூலை ஒழுகுதே அதை எப்பப் பாக்கப் போறே என்று புருஷனைக் கேட்டுக்கொண்டிருந்தாள். அப்படித்தான் பேசுவார்கள். இங்கே இடுப்பெலும்பு இரண்டாகப் பிரிகிற நேரத்தில் அங்கே கூரை ஒழுகும், அக்காள் கல்யாணத்துக்குக் கூப்பிடாதது ஞாபகம் வரும், சில பேர் பாடவும் செய்வார்கள். அதில் கோபப்பட ஒன்றுமில்லை. உமணியும் அந்தப் பக்கம் சாய்ந்து உட்கார்ந்தவள்தான்.

மகன் திரையன் பிறந்த அன்று, இந்த மரமில்லை, சரிவில் மேலே கடைசியாக நிற்கிற மரம், கிழக்கே சாய்ந்திருந்தாள், வயிறு கல்லாக இறுகுவதைக் கையால் தொட்டுப் பார்த்து யாருடைய வயிறோ என்று வேடிக்கை பார்த்தாள், நடுவில் தூங்கிக்கூடப் போனாள். எழுப்பிப் பிள்ளையைக் கையில் கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டாள். ஈரமாக, சூடாக, யாரோ அவசரமாகப் பிடிக்கச் சொல்லிக் கொடுத்துவிட்டுப் போன ஒரு பொருள் மாதிரி இருந்தது, இதோ வந்துவிடுவார்கள், திருப்பிக் கேட்பார்கள் என்று. அப்போதுதான் பாய்த்துணிக்குக் கீழே, மேற்கிலிருந்து எழுந்து போகிற ஒருத்தியின் குதிகால்கள் தெரிந்தன. வெடித்த குதிகால்கள், ஒன்று மற்றதற்கு முன்னால் வரத் தயங்கித் தயங்கி, கள் குடித்தவள்போலத் தள்ளாடி. அவள் யார் என்று உமணிக்குக் கடைசிவரை தெரியவில்லை. எதை எடுத்துக்கொண்டு போகிறாள் என்றுதான் தோன்றியது. பிள்ளைக்குப் பால் கொடுக்கும்போது தோன்றியது, துணி அலசும்போது தோன்றியது, இரண்டு வருஷம் அதே கேள்வி, செருப்பில் ஏறிய மணல் மாதிரி, நடக்க முடியும், ஆனால் இருக்கிறது. போய்ப் பார்த்துவிடலாம் என்றுதான் இந்தத் தொழிலுக்கு வந்தாள், ஊரில் எல்லோரும் வேறு காரணம் நினைத்துக்கொண்டார்கள். இதுவரை அறுபது பிரசவம் இருக்கும். ஒவ்வொன்றும் ஒவ்வொரு தினுசு. இதில் எது தன்னுடையது மாதிரி இருந்திருக்கும் என்று இன்றைக்கும் தெரியாது. திரையனுக்கு இருபத்தொரு வயசு, வடகரையில் கப்பல் கட்டுகிறான், வருஷத்துக்கு ஒரு முறை வந்து தட்டு நிறையச் சாப்பிட்டுவிட்டுப் போகிறான், நல்ல பிள்ளை, எதிரில் உட்கார்ந்து அவன் மெல்லுவதைப் பார்க்கும்போதெல்லாம் அவளுக்கு இவனைப் பாதி வழி யாரோ சுமந்து வந்தார்கள் என்றிருக்கும். அதில் வருத்தம் என்று சொல்ல முடியாது. ஒரு கணக்கு நேராக வராத மாதிரி. வலி வந்தது. இது கொஞ்சம் ஆழம், முதுகின் அடியில் ஆரம்பித்து இரண்டு தொடைகளுக்கும் பிரிந்து இறங்கியது, அவள் வாயைத் திறந்து மூச்சை வெளியே விட்டாள். மரவியல் படித்தவர் ஒருவர் தலைநகரத்திலிருந்து வந்து ஒரு மாசம் தங்கியிருந்தார், கிழக்கே ஒருவனை உட்காரவைத்து முள்ளால் குத்துவார், மேற்கே ஓடிவந்து உமணியிடம் எவ்வளவு எவ்வளவு என்று கேட்பார், திரும்ப ஓடுவார். வழியில் மரம் கொஞ்சமாவது குடிக்கிறதா என்று பார்க்கவேண்டுமாம். கடைசி நாள் அவளாகக் கேட்டாள். "மரம் எதையும் வச்சுக்கிறதில்லை அம்மா, வாங்கினதை அப்படியே கொடுத்துடுது" என்றார். அவருக்கு அதில் சந்தோஷம். அவளுக்கு ஏனோ அன்று சோறு இறங்கவில்லை. இவ்வளவு பெரிய மரம், கொஞ்சம் வைத்துக்கொண்டால்தான் என்ன.

வலிகள் நெருங்க ஆரம்பித்தன. இனி நினைப்பு தானாக அங்கே போகும். போகாதே என்றால் இன்னும் வேகமாகப் போகும், அதனால் போகட்டும் என்று விட்டாள். நறவி. ஏழு வருஷம் முன்னால், மழை, இதே மரம், இதே பள்ளம், துணியில் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அந்த வலி ஆரம்பத்திலிருந்தே கோணல். வருவதும் போவதும் இல்லை, வந்தது வந்தபடி நின்றது, அதன் மேல் இன்னொன்று வந்து ஏறியது. உமணி தீர்மானம் பண்ணவில்லை, அதை எத்தனை தடவை வேண்டுமானாலும் சொல்வாள், யாரும் கேட்டதில்லை, கேட்டால் சொல்வாள், தீர்மானம் பண்ணவில்லை. கொதிக்கிற சட்டியிலிருந்து கை எடுபடுவதுபோல முதுகு மரத்தைவிட்டு எடுபட்டது. நாலு மூச்சு. முதல் மூச்சில் அப்பாடா என்றிருந்தது, உலகத்தில் வலியே இல்லை, மழைவாசனை மட்டும் இருந்தது. இரண்டாவது மூச்சில் அந்தப் பக்கத்திலிருந்து நறவி கத்தினாள். காலையிலிருந்து ஒன்றுமே தெரியாமல் உட்கார்ந்திருந்தவள், திடீரென்று மொத்தமும் அவள்மேல் விழுந்தால் எப்படிக் கத்துவாளோ அப்படி. மூன்றாவது மூச்சை உமணி அதைக் கேட்டுக்கொண்டே விட்டாள். கேட்டுக்கொண்டே. நாலாவதில் சாய்ந்தாள். நாலுதானா. சில நாள் அஞ்சு என்று தோன்றும். பயத்தில் விடுகிற மூச்சு நீளமா குட்டையா, குட்டை என்றால் நாலு என்பது இரண்டுக்குச் சமம், நீளம் என்றால் எட்டுக்கு. சாய்ந்த பிறகு வலி திரும்ப வந்தது, ஒரு பிள்ளை அழுகிற சத்தம் கேட்டது, அப்புறம் வலி இறங்கியது. வலி எப்போதும் படிப்படியாகத்தான் இறங்கும், அன்றைக்கு நடுப்படியில் வைத்து ஒன்றுமில்லாமல் போனது. அணைந்தது என்றுகூடச் சொல்ல முடியாது, இருந்த இடமே இல்லை. கொற்றி முழங்கைவரை சிவப்பாக வந்து நின்றாள். "போயிட்டா. ரத்தம் நிக்கல. நீ வீட்டுக்குப் போ." உமணி வீட்டுக்குப் போனாள். ஓரி மீன் குழம்பு வைத்திருந்தான். சாப்பிட்டாள். யாரிடமும் சொல்லவில்லை, ஓரியிடம் சொல்லவில்லை, கொற்றியிடம் எத்தனையோ தடவை வாய்வரை வந்து சொல்லவில்லை. நறவியின் மகளை உப்புக் கிடங்குத் தெருவில் பார்ப்பாள், அப்பன் தோளில் ஏறிக்கொண்டு போகும், முன்பல் இரண்டும் விழுந்திருக்கிறது, கொய்யாப்பழத்தைக் கடைவாயால் கடித்துக்கொண்டு தெருவில் போகிற எல்லோரையும் பார்ப்பதுபோலவே உமணியையும் பார்க்கும். பார்வையில் ஒன்றும் இல்லை. அந்த ஒன்றும் இல்லாததைத் தாங்க முடியாமல் உமணி தெருவைக் கடந்து எதிர்ச்சாரிக்குப் போய்விடுவாள், அங்கே வாங்குவதற்கு ஒன்றும் இருக்காது, ஏதாவது ஒரு கடை முன்னால் நின்று ஏதாவது ஒன்றை விலை கேட்பாள்.

வெயில் இந்தப் பக்கம் எட்டிப் பார்த்தபோது வலி உச்சிக்கு வந்திருந்தது. இப்போது நினைப்பு என்று தனியாக ஒன்று கிடையாது, துண்டு துண்டாக வரும், பட்டையில் ஊர்கிற எறும்பு, அதன் வாயில் வெள்ளையாக ஒன்று, தண்ணீர்க் குடுக்கை எட்டுகிற தூரத்தில் இல்லை, நாக்கில் செம்புச் சுவை, இடுப்பைப் பிடித்து யாரோ நனைந்த துணியைப் பிழிகிற மாதிரி, விட்டான், மறுபடியும், விடு, இன்னொரு மூச்சு, இந்தப் பெண்ணுக்குப் பெரிய பிள்ளை, தலை இறங்கி ஒரே இடத்தில் முட்டிக்கொண்டு நிற்கிறது, மூன்று வலியாக அதே இடம், நகரவில்லை, இது தெரியும் உமணிக்கு, இந்த இடத்தில் நிற்கக் கூடாது, நகரணும், நகரு. அடுத்தது எழுந்தது. பாதி எழும்பி, மேலே வரும் என்று அவள் வாயைத் திறந்து காத்திருக்கும்போதே, நின்றது. விட்டது என்றால் அது வேறு, கால் விரல்வரை ஒரு தளர்ச்சி ஓடும். இது நின்றது. இருந்த இடமே இல்லை. உமணி கண்ணைத் திறந்தாள். எறும்பு அதே வழியில் போய்க்கொண்டிருந்தது. அந்தப் பக்கத்தில் கூரைப் பேச்சு இல்லை, பூழனின் குரல் இல்லை, எதுவும் இல்லை. இடைவெளியாக இருக்கும் என்று நினைத்தாள். இடைவெளி இப்படி இருக்காது என்று தெரிந்துகொண்டே நினைத்தாள். எழுந்து போய்ப் பார்க்கலாம். எழுந்தால், ஒருவேளை இது இடைவெளியாகவே இருந்தால், எழுந்த அந்த நேரத்தில் அடுத்தது வந்தால், மொத்தமும் அந்தப் பெண்மேல் விழும். நாலு மூச்சு. எழுந்திருக்கக் கூடாது. செத்துப்போனவளுக்கு முதுகைக் கொடுத்துக்கொண்டு எவ்வளவு நேரம் உட்கார்ந்திருப்பது. செத்துப்போனவள் என்று யார் சொன்னது. யாரும் சொல்லவில்லை, அலரி, கூரை ஒழுகுகிற அலரி, வடக்கு மூலை. கொற்றி வந்து சொல்லட்டும், கொற்றி சொல்கிறவரை உட்கார்ந்திருப்பதுதான் வேலை, கையை மடியில் வைத்துக்கொண்டாள். அப்போதுதான் அந்தக் கத்தல் வந்தது. பெண் குரல். மரத்தின் இரண்டு பக்கமாகவும் சுற்றிக்கொண்டு வந்து துணியை உப்பவைத்தது. உயிரோடிருக்கிறாள் என்பது முதலில் புரிந்தது. கத்துகிறாள் என்பது அப்புறம் புரிந்தது, கிழக்கே சாய்ந்தவள் எதற்குக் கத்த வேண்டும், இங்கே ஒன்றும் வரவில்லையே, அங்கேயே இருக்கிறது என்றால் இந்த முதுகு, உமணி முதுகை மரத்தில் அழுத்தினாள், தோள்பட்டை எலும்பு நோகும்படி அழுத்தினாள், கையைப் பின்னால் விட்டுத் தடவினாள், தோல் பட்டையோடுதான் இருக்கிறது, ஈரம் இருக்கிறது, விலகவில்லையே, இந்தத் தடவை நான் விலகவில்லையே என்று வாய்விட்டே சொன்னாள், எவ்வளவு சத்தமாகச் சொன்னோம் என்று தெரியவில்லை. மறுபடி கத்தினாள் அலரி. உமணி எழுந்தாள்.

பத்தொன்பது வருஷத்தில் மரத்தை அவள் சுற்றி வந்ததில்லை. வருகிற பாதையும் போகிற பாதையும் மேற்கிலேயே இருந்தன. வேர்கள் இவ்வளவு உயரம் என்று தெரியாது, ஒன்றன்மேல் கையூன்றி ஏறினாள், கால் மரத்துப்போயிருந்தது, அந்தக் கால் யார் பேச்சையும் கேட்காமல் வழுக்கி முழங்கால் சிராய்த்தது, சொந்த வலி, எவ்வளவோ நாளைக்கு அப்புறம், அதைக் கவனிக்க நேரமில்லை. துணியை ஒதுக்கினாள். அலரி மரத்தில் சாய்ந்திருக்கவில்லை. மரத்தைவிட்டு இரண்டு முழம் தள்ளி, மண்ணில் குந்தி, ஒரு கையால் வேரைப் பிடித்துக்கொண்டிருந்தாள், பின்னால் பூழன் அவளை அக்குளில் கைகொடுத்துத் தாங்கிக்கொண்டிருந்தான், அவன் முகம் சுண்ணாம்பு மாதிரி வெளுத்திருந்தது. முன்னால் கொற்றி மண்டியிட்டிருந்தாள். நிமிர்ந்து பார்த்தவள் உமணி வந்ததற்கு ஆச்சரியப்படவில்லை. "பிள்ளை முட்டிக்கிட்டு நிக்குது. வலி தெரியாம இவளுக்கு எப்ப முக்கணும்னே தெரியல. அதான் மரத்தைவிட்டுப் பிரிச்சேன். உனக்குக் குரல் குடுக்க எனக்கு ஏது நேரம்" என்றாள் ஒரே மூச்சில். அப்புறம், "இவன் விழுந்துருவான் போல. நீ பின்னால போ. பிடி." உமணி போனாள். பூழன் கையை விட்டுவிட்டு அப்படியே மண்ணில் உட்கார்ந்துவிட்டான். உமணி அலரியின் பின்னால் காலை அகட்டி உட்கார்ந்து அவளை வாங்கிக்கொண்டாள். முதுகு வந்து மார்பில் சாய்ந்தது. வேர்த்து ஊறின முதுகு, மரப்பட்டையில் கசிகிற பால் அதில் இன்னும் காயவில்லை, இரண்டு பேர் தோலும் ஒட்டிக்கொண்டது. உடம்பு பழக்கத்தில் மூச்சை இழுத்துப் பிடித்துக் காத்தது. நோவு வரவில்லை. கனம் மட்டும் வந்தது, ஒரு முழுப் பெண்ணின் கனம், சூடு, வேர்வை நாற்றம், அவ்வளவுதான். அறுபது தடவை உள்ளேயிருந்து பார்த்ததை வெளியேயிருந்து பார்ப்பது இப்படியா. காது சிவந்திருந்தது. கழுத்து நரம்பு ஒன்று கயிறு மாதிரி எழுந்து நின்றது. கால் விரல்கள் மண்ணைத் தோண்டின. வெளியே தெரிவது இவ்வளவு கொஞ்சமா என்றிருந்தது அவளுக்கு, இதைப் பார்த்து யாருக்கு என்ன தெரியும். "முடியல, முடியல, என்னைத் திரும்பச் சாய்ச்சுடுங்க அக்கா" என்று அலரி கொற்றியைப் பார்த்துக் கெஞ்சினாள், உடனே முக்க ஆரம்பித்தாள், கண்டபடி. "இல்லை" என்றது உமணியின் வாய். "இன்னும் வரல. இப்ப முக்காதே, வீணாப் போகும். இரு." அலரியின் வயிற்றில் கையை வைத்தாள். இறுகிக்கொண்டு வந்தது. இது எந்தப் படி என்று அந்தக் கைக்குத் தெரியும், அடியில் இழுக்கும், பிறகு பக்கவாட்டில் பிடிக்கும், பிறகு ஒரு நொடி சும்மா இருப்பதுபோல ஏமாற்றும், அந்த ஏமாற்றுக்குப் பின்னால்தான் உச்சி. "இப்பப் பக்கத்துல பிடிக்குதா?" "ஆமா, ஆமா." "விட்டது மாதிரி இருக்கும். நம்பாதே. இரு. இரு. இப்ப. இப்ப முக்கு." அலரி முக்கினாள். கொற்றி தலையைக் குனிந்துகொண்டே "நகருது" என்றாள். "அடுத்ததையும் நீயே சொல்லு." அடுத்ததையும் உமணி சொன்னாள், அதற்கடுத்ததையும். நாலாவதில் தலை வந்தது, பிறகு மீதி எல்லாம் தண்ணீரோடு சேர்ந்து வழுக்கிக்கொண்டு, கண்மூடித் திறப்பதற்குள், கொற்றியின் கையில் நீலமாக ஒன்று. கொற்றி அதைக் கவிழ்த்துத் தட்டினாள். அழுதது. அலரியின் கனம் முழுவதும் உமணியின்மேல் இறங்கியது, இனி பிடித்துக்கொள்ள ஒன்றுமில்லை என்பதுபோல.

பெண் பிள்ளை. பூழன் மண்ணிலிருந்து எழுந்து வந்து கிட்டே நின்றுகொண்டு தொடலாமா என்று யாரிடம் கேட்பது என்று தெரியாமல் கையைப் பிசைந்தான். அலரி பிள்ளையை மார்பில் போட்டுக்கொண்டு கொஞ்ச நேரம் கிடந்தாள், பிறகுதான் தன் பின்னால் ஒரு ஆள் இருப்பது நினைவு வந்தவள்போலத் தலையைத் திருப்பினாள். சின்னப் பெண், மூக்கில் வேர்வை, இருபது வயசு இருக்குமா. "நீங்க யாரு?" "அந்தப் பக்கம் இருந்தவ." அலரி அவளைப் பார்த்தாள். "காலையிலேருந்தா?" "ம்." "இப்படித்தான் இருந்துச்சா, இவ்வளவு நேரமும்?" "இப்படித்தான்." "ஐயோ" என்றாள் அலரி, மெதுவாக. கொற்றி கையைக் கழுவிக்கொண்டு ஊசியை விளக்கில் காட்டிக்கொண்டிருந்தாள். "கிழிஞ்சிருக்கு, அஞ்சாறு தையல் போடணும். இப்படியே போடட்டுமா, மரத்துல சாயுறியா?" "சாயுறேன்" என்றாள் அலரி, கேள்வி முடிவதற்குள். "இப்பவே சாயுறேன் அக்கா. இதுக்கு மேல என்னால ஒரு கடுகளவும் முடியாது." சொல்லிவிட்டு உமணியைப் பார்த்து வெட்கப்பட்டாள். "போறேன்" என்றாள் உமணி, எழுந்து மேல்துணியைச் சரிசெய்துகொண்டாள். வேரைத் தாண்டப்போகும்போது கொற்றி ஊசியில் தையல் நரம்பைக் கோக்கப் பார்த்தபடியே, தலை நிமிராமல், "இந்தத் தடவையும் சொல்லாம விலகிறாதே" என்றாள். உமணியின் கால் வேரின்மேல் நின்றது. கழியில் யாரோ படகைத் தள்ளுகிற சத்தம், பிள்ளையின் அழுகை, எல்லாம் தனித்தனியாகக் கேட்டன. "தெரியுமா அக்கா?" "தெரியாம? நறவி என் கையைத்தானே பிடிச்சிருந்தா. விரல் ரெண்டு வாரம் மடங்கல." நரம்பு ஊசிக்காதில் நுழையவில்லை, கொற்றி எச்சில் தொட்டு மறுபடி நுழைத்தாள். "அதனாலதான் அவ..." என்றாள் உமணி. "தெரியல" என்றாள் கொற்றி. "நீ விலகின அந்த நேரத்துலதான் பிள்ளை வந்துச்சு, அது தெரியும். ரத்தம் ஏன் நிக்கலைங்கிறது தெரியல. அன்னைக்கும் தெரியல, இன்னைக்கும் தெரியல. தெரிஞ்சா சொல்லியிருக்க மாட்டேனா." நரம்பு நுழைந்துவிட்டது. "போய் உக்காரு. வெளிச்சம் இருக்கும்போதே முடிக்கணும்." ஏழு வருஷமாக இதைக் கேட்டால் கால் விட்டுப்போகும், அல்லது அழுகை வரும், அல்லது ஏதாவது ஒன்று திறக்கும் என்று உமணி நினைத்திருந்தாள். கொற்றி சொன்னது சொன்னபடி இருந்தது, கையில் கொடுத்த கல் மாதிரி, சூடும் இல்லை குளிரும் இல்லை. வேரைத் தாண்டி இறங்கினாள். பள்ளத்தில் உட்கார்ந்தாள், குடுக்கையை எடுத்து இரண்டு வாய் தண்ணீர் குடித்தாள், வெயில் இப்போது நேராக முகத்தில் அடித்தது. துணியைத் தளர்த்திக்கொண்டு சாய்ந்தாள். குளிர்ந்தது. "உக்காந்தாச்சா?" என்று கொற்றி கேட்டாள், "ஆச்சு" என்றாள். முதல் ஊசி இறங்கியது, சின்ன வலிதான், ஆனால் நேராக, ஒளிவுமறைவு இல்லாமல், எலும்புவரை. உமணி கண்ணை மூடாமல் அதை வாங்கினாள். அந்தப் பக்கத்தில் அலரி, பசிக்குது, பொரிச்ச மீன் ஏதாவது கிடைக்குமா பாரு என்று புருஷனிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்.